முகூர்த்தம் தவறும் அண்ணன்

2024 சித்திரையில் மீனாட்சி கல்யாணம் பார்க்க வந்த கூட்டத்தில் பாதிப் பேர் விரலில் மை அழியாமல் இருந்தது. இரண்டு நாள் முன்னால்தான், ஏப்ரல் 19 அன்று, தமிழ்நாடு முழுக்க நாடாளுமன்றத் தேர்தலுக்கு வாக்குப்பதிவு. அன்று இரவே மீனாட்சிக்குப் பட்டாபிஷேகம். பகலில் பள்ளிக்கூட வரிசையில் நின்றவர்கள் இரவில் கோயிலுக்கு வந்து, ரத்தினக் கிரீடம் சூடிச் செங்கோல் வாங்கிய அரசியைக் கும்பிட்டார்கள். அவள் பதவிக்காலத்தை எந்த ஆணையமும் நீட்டிக்கவோ குறைக்கவோ முடியாது. சித்திரை முதல் ஆவணி வரை நாலு மாதம் அவள் ஆட்சி. ஆவணியில் அவள் கணவர் சொக்கருக்குப் பட்டம் கட்டினால் அடுத்த சித்திரை வரை எட்டு மாதம் அவர் ஆட்சி. இந்தக் கணக்கில் எனக்கு ஒரு மனத்தாங்கல் உண்டு. மதுரை ஆட்சியில் மீனாட்சிக்கு மூன்றில் ஒரு பங்குதானா?

காலத்தோடு இந்த ஊருக்கு இருக்கும் உறவு கொஞ்சம் கோணலானது. 2019-இல் ஏப்ரல் 18 அன்று தேரோட்டமும் வாக்குப்பதிவும் ஒரே நாளில் வந்து விழுந்தன. தேரை நகர்த்த யாருக்கும் தைரியம் இல்லை. மதுரைத் தொகுதிக்கு மட்டும் இரவு எட்டு மணி வரை ஓட்டுப் போடலாம் என்று நேரத்தை நீட்டினார்கள்.

கல்யாணம் நடப்பது வடக்காடி வீதியும் மேலாடி வீதியும் சந்திக்கும் மண்டபத்தில். மேடை முழுக்கப் பூ. எனக்குக் கிடைத்த இடத்திலிருந்து பார்த்தால் பட்டர்களின் முதுகும், நடுநடுவே மரகதப் பச்சையாக ஒரு மினுக்கும் தெரிந்தன. என்னைச் சுற்றியிருந்த பெண்கள் மேடையைப் பார்த்தது குறைவு. கைப்பையிலிருந்து புது மஞ்சள் கயிற்றை எடுத்து மடியில் வைத்துக்கொண்டு நாதஸ்வரத்துக்காகக் காதைத் தீட்டிக்கொண்டிருந்தார்கள். கெட்டிமேளம் கேட்டதும் ஆளுக்காள் தாலிக் கயிற்றை மாற்றிக்கொண்டார்கள். கோயிலுக்கு வர முடியாதவர்கள் டிவி முன்னால் உட்கார்ந்து அதே நொடியில் மாற்றுகிறார்கள். முப்பது, நாற்பது வருடத்துக்கு முன்னால் எங்கோ ஒரு மண்டபத்தில் நடந்த கல்யாணம் எல்லாம் அந்த ஒரு நிமிடத்துக்குள் திரும்ப நடக்கிறது. புருஷன்மார் பெரும்பாலும் செருப்பைப் பார்த்துக்கொண்டு வெளியே நிற்கிறார்கள்.

பக்கத்தில் இருந்த ஆத்தாவிடம், "அண்ணன் இன்னும் வரலையா?" என்று கேட்டுவைத்தேன். மதுரையில் இதைக் கேட்டால் கதை கிடைக்கும் என்று தெரியும்.

"அவரு எப்படிப்பா வருவாரு? இவ கழுத்துல ஏறுன பெறகுதான் அங்க மலைய விட்டே எறங்குறாரு" என்றார். சொல்லிவிட்டு, முறுக்கிக்கொண்ட கயிற்றைச் சரிசெய்யத் தொடங்கினார்.

கதை எல்லோருக்கும் தெரிந்ததுதான். தங்கைக்குக் கல்யாணம். சீர் எடுத்துக்கொண்டு அழகர்மலையிலிருந்து புறப்படுகிறார் அண்ணன் கள்ளழகர். வைகைக்கு வந்து சேர்வதற்குள் முகூர்த்தம் முடிந்துவிடுகிறது. கோபம். ஊருக்குள் கால் வைக்காமல் ஆற்றோடு திரும்பி வண்டியூருக்குப் போய்விடுகிறார். அடுத்த வருடமும் புறப்படுகிறார், அடுத்த வருடமும் பிந்துகிறார். போன தடவை நேரமாகிவிட்டதே, இந்தத் தடவை ஒருநாள் முன்னதாகக் கிளம்புவோம் என்று அவருக்குத் தோன்றுவதே இல்லை. ஒரே கல்லில் கால் இடறும் மனிதனுக்கு ஊரில் வேறு பெயர் வைப்பார்கள். இவருக்குப் பத்து லட்சம் பேர் கூடி கோவிந்தா போடுகிறார்கள்.

ஆனால் ஆத்தா சொன்னதுதான் நடப்பு. அந்த ஏப்ரல் 21-ஆம் தேதி காலை கல்யாணம்; அழகர் மலையை விட்டுக் கிளம்பியது அன்று சாயங்காலம். 2023-இல் மே 2 கல்யாணம், அவர் ஆற்றில் இறங்கியது மே 5. 2025-இல் மே 8 கல்யாணம், 12-ஆம் தேதி ஆற்றில் இறக்கம். வழியில் தாமதம் ஆவதற்கு முன்னாலேயே புறப்பாடே பிந்திவிடுகிறது. தாமதத்துக்கும் நாள் நட்சத்திரம் பார்த்து, மணி குறித்து, பத்திரிகை அடிக்கிறார்கள்.

மேடையிலிருந்து கூட்டம் கலைந்தபின் கம்பத்தடி மண்டபத்துக்குப் போனேன். அந்தத் தூணைப் பார்க்காதவர்கள் குறைவு: நாணிக் குனிந்த மீனாட்சி நடுவில்; ஒரு பக்கம் சொக்கர்; மறு பக்கம் திருமால், தங்கை கையைப் பிடித்துக் கொடுத்துத் தாரை வார்க்கிறார். கல்லில் அண்ணன் நேரத்துக்கு வந்திருக்கிறார். பரஞ்சோதி முனிவரின் திருவிளையாடற் புராணத்திலும் வந்திருக்கிறார். அன்று காலை மேடையிலும் ஒரு பெருமாள் நின்றார்: திருப்பரங்குன்றத்திலிருந்து முருகனோடு கிளம்பி வந்த பவளக்கனிவாய்ப் பெருமாள். கன்னிகாதானம் செய்தது அவர். ஆக, அண்ணன் வந்தாயிற்று, கல்யாணமும் குறைவில்லாமல் நடந்தாயிற்று. அதே அண்ணன் வரவில்லை, இனிமேல்தான் புறப்படப் போகிறார். இரண்டும் ஒரே ஊரில் ஒரே வாரத்தில் உண்மையாக இருக்கின்றன. யாரும் தலையைப் பிய்த்துக்கொள்ளவில்லை.

இந்தக் குழப்பத்துக்கு ஒரு தேதியும் ஓர் ஆளும் உண்டு. திருமலை நாயக்கர், 1623 முதல் 1659 வரை மதுரையை ஆண்டவர். அவருக்கு முன்னால் மீனாட்சி கல்யாணம் நடந்தது மாசியில். அழகர் ஆற்றில் இறங்கியது சித்திரைப் பௌர்ணமி அன்று, அதுவும் மதுரையில் இல்லை, மேற்கே தேனூரில். ஒன்று சைவம், ஒன்று வைணவம். ஒன்றுக்கு ஒன்று தொடர்பே கிடையாது. நாயக்கர் மாசிக் கல்யாணத்தைச் சித்திரைக்குத் தள்ளினார். தேனூர் இறக்கத்தை மதுரைக்கு இழுத்தார். அறுவடை முடிந்து கை ஓய்ந்த மாதத்தில் பெரிய தேர்களை இழுக்க ஆள் வேண்டும் என்று செய்தார் என்பார்கள். இரண்டு திருவிழாவும் அருகருகே வந்து உட்கார்ந்ததும், நடுவில் இருந்த சில நாள் இடைவெளிக்கு ஒரு காரணம் தேவைப்பட்டது. அதை ஜனங்கள் கண்டுபிடித்தார்கள். அண்ணன், தங்கை, தாமதம், கோபம். எந்த ஸ்தலபுராணமும் சொல்லாத கதை. அழகர்கோயிலை ஆராய்ந்து மதுரை காமராசர் பல்கலைக்கழகத்தில் முனைவர் பட்டம் பெற்ற தொ. பரமசிவன், கோயில் சொல்லும் கதையையும் ஜனங்கள் சொல்லும் கதையையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பார்த்தவர். அந்த நூல் 1989-இல் வந்தது. கள்ளழகரைப் பற்றி இன்று எழுதுகிறவன் யாரானாலும் அந்தத் திண்ணையில் கொஞ்சம் உட்கார்ந்துவிட்டுத்தான் எழ வேண்டும்.

ராஜா மாதத்தை மாற்றிவிட்டார், வீதியை மாற்றவில்லை. மதுரையின் வீதிகள் கோயிலைச் சுற்றி மாதங்களாக விரிகின்றன: உள்ளே ஆடி, மதிலுக்கு வெளியே சித்திரை, அதற்கப்பால் ஆவணி மூலம், அதற்கும் அப்பால் மாசி. சித்திரைத் தேர் ஓடுவது சித்திரை வீதியில் இல்லை, மாசி வீதியில். பூச்சந்தைக்குப் போகிறவரும் நகைக்கடைக்குப் போகிறவரும் பழைய நாள்காட்டியின் மேலேதான் நடக்கிறார்கள். மறுநாள் காலை அங்கே தேர் ஓடும். நான் அதைப் பார்க்காமல் மலைக்குப் போனேன்.

அழகர்கோவிலில் சாயங்காலம் நான்கு மணி வெயில் இன்னும் கெட்டியாக இருந்தது. மலையடிவாரக் கோட்டைக்குள் கோபுர வாசல் ஒன்று பெரும்பாலும் அடைத்தே கிடக்கிறது. அந்த அடைத்த கதவுதான் பதினெட்டாம்படிக் கருப்பசாமி. உருவம் இல்லை. கதவுக்குச் சந்தனம், கதவுக்கு மாலை, கதவுக்கு அரிவாள். பெருமாளின் அழகைத் திருட மலையாள நாட்டிலிருந்து வந்த பதினெட்டு மந்திரவாதிகளைக் கொன்று படிக்குக் கீழே புதைத்ததாகக் கதை. அவர்களோடு வந்த தெய்வம் இங்கேயே காவலுக்கு நின்றுவிட்டது. சுற்றுப்பட்டு ஊர்களில் கொடுக்கல் வாங்கல் தகராறு முற்றினால் இன்றும் "பதினெட்டாம்படியில வந்து சத்தியம் பண்ணுறியா?" என்பதுதான் கடைசி வார்த்தை. அதற்குமேல் பேச்சு இருக்காது. அழகர் மதுரைக்குக் கிளம்பும்போது போட்டுக்கொள்ளும் நகைகளுக்குக் கருப்பனிடம் கணக்குச் சொல்லி விடைபெறுகிறார். திரும்பி வந்ததும் திரும்ப ஒப்படைப்பு. தெய்வமே ஆனாலும் கணக்கு கணக்குத்தான்.

கிளம்பும்போது அவர் மாப்பிள்ளை வீட்டாருக்கு எதிரே நிற்கப் போகும் மைத்துனர் மாதிரி இல்லை. கள்ளர் வேடம். தலையில் உருமால் கொண்டை, கையில் வளைதடி, இடுப்பில் கத்தி, காதில் கடுக்கன். மேலூர்ப் பக்கத்துக் கள்ளர் நாட்டின் ஆள் போல உடுத்திக்கொண்டு பல்லக்கில் ஏறுகிறார். வழிமறித்தவர்களின் உடையையே போட்டுக்கொண்டார் என்று ஒரு விளக்கம் உண்டு. அவர்களோடு செய்துகொண்ட சமரசம் என்று இன்னொன்று. கல்யாணத்துக்கு வளைதடியோடு போகிற அண்ணன் என்றால் எனக்கு அதுவே போதும். பல்லக்கு கோட்டை வாசலைத் தாண்டியபோது எழுந்த சத்தத்தில் மரத்தில் இருந்த குரங்குகள் ஒரு கிளை மேலே போயின.

மலையிலிருந்து வைகை 21 கிலோமீட்டர். பேருந்துக்கு ஒரு மணி நேரம்கூட ஆகாது. அழகருக்கு இரண்டு இரவு ஒரு பகல். காரணம் வழியில் நானூற்றுக்கும் மேற்பட்ட மண்டகப்படிகள்.

அந்த இரவு பல்லக்குக்குப் பின்னால் நடந்தபோதுதான் இந்தத் தாமதத்தின் இயந்திரம் எனக்குப் பிடிபட்டது. பொய்கைக்கரைப்பட்டி, கள்ளந்திரி, அப்பன்திருப்பதி, கடச்சனேந்தல். ஒவ்வோர் ஊரிலும் நாலு கல்தூண், ஒரு தளம். சிலது நூறு வருடத்துக்குமேல் பழசு, சிலது போன வருடம் டைல்ஸ் ஒட்டியது. வருடம் முழுக்க அதில் ஆடு படுத்திருக்கும், சீட்டாட்டம் நடக்கும். இன்றைக்கு வெள்ளையடித்து, வாழைமரம் கட்டி, சீரியல் விளக்குப் போட்டு, குடும்பமே குளித்து வாசலில் நிற்கிறது. சாமி உள்ளே போய் உட்கார வேண்டும். தீபாராதனை ஆக வேண்டும். அந்தக் குடும்பத்தின் மூத்தவருக்குப் பரிவட்டம் கட்ட வேண்டும். ஐந்து நிமிடம். சிலருக்கு இரண்டு நிமிடம். நானூறு ஐந்து நிமிடங்களைக் கூட்டிப் பாருங்கள்.

கள்ளந்திரிக்கு அப்பால் ஒரு மண்டகப்படியில் பெரியவர் ஒருவர் சீர்பாதம் தாங்கிகளோடு மல்லுக்கட்டிக்கொண்டிருந்தார். பல்லக்கைச் சரியாக உள்ளே இறக்காமல் வாசலோடு காட்டிவிட்டுப் போகப் பார்க்கிறார்கள் என்பது புகார்.

"நேரமாச்சுண்ணே, போலீஸ்காரவுங்க திட்டுறாங்க" என்றார் தாங்கி ஒருவர்.

"எங்க அப்பாரு காலத்துல அரை மணி நேரம் உக்காந்துட்டுப் போவாரு. நீங்க ஓடுறீக. அவருக்கு என்ன அவசரம்? அவருதான் எப்பிடியும் கல்யாணத்தப் பாக்கப் போறதில்லையே!"

பல்லக்கு இறங்கியது. இந்தத் தர்க்கத்தை வெல்ல காவல்துறையிடம் பதில் இல்லை.

எனக்குத் தோன்றுவது இது. அழகர் நேரத்துக்கு வந்துவிட்டால் இந்தச் சாலையில் இருக்கும் ஊர்களுக்கு ஒன்றும் கிடைக்காது. கல்யாணம் கோட்டைக்குள், அதைப் பார்க்க டிக்கெட், பாஸ், தெற்குக் கோபுர வாசல், வரிசை. மீனாட்சி பட்டணத்தின் அரசி. கள்ளந்திரிக்காரருக்கும் கடச்சனேந்தல்காரருக்கும் பங்கு வருவது அண்ணன் வழியாகத்தான், அதுவும் அவர் நின்று நின்று வருவதால்தான். பட்டணம் முகூர்த்தம் குறிக்கிறது. நாட்டுப்புறம் அதைப் பிந்தவைக்கிறது. முன்பு வண்டி கட்டிக்கொண்டு குடும்பத்தோடு வந்து, ஆற்று மணலில் சோறாக்கித் தின்றுவிட்டுப் போன ஜனங்கள் இவர்கள். தங்கை கல்யாணத்தை அண்ணன் தவறவிட்டதாகச் சொல்லப்படும் கதையில், அவரை வழியில் நிறுத்திவைத்தவர்கள் யார் என்ற விவரம் மட்டும் வருவதே இல்லை. கதை சொல்கிறவர்களே அவர்கள் என்பதால் இருக்கலாம்.

ஆனால் புதிதாக முளைக்கும் மண்டகப்படிகளைக் கண்டால் எனக்கு எரிச்சல்தான். கட்டடக் கம்பெனி, நகைக்கடை, கட்சி வட்டச் செயலாளர் என்று ஆளுயரப் படம் வைத்த பேனர்கள். சாமி படம் ஓர் ஓரத்தில் தபால் தலை அளவு.

மூன்றுமாவடியில் காலை. இங்கேதான் எதிர்சேவை. ஊர்க்காரர்கள் வீட்டு விருந்தாளியை எல்லைக்கு வந்து அழைத்துப் போவது. பெண்கள் கையில் செம்பு. அதில் சர்க்கரை நிரப்பி, மேலே வாழையிலை கட்டி, சூடத்தைக் கொளுத்தி, சாமியின் பக்கம் நீட்டிச் சுற்றுகிறார்கள். அப்புறம் அந்தச் சர்க்கரை யார் கைக்கு வேண்டுமானாலும் போகும். நான் தின்ற நாட்டுச் சர்க்கரையில் சூடத்தின் கசப்பு லேசாக ஒட்டியிருந்தது. அழகர் வேடம் போட்ட ஆண்கள் சல்லடமும் கச்சையும் கட்டி, சிவப்புக் குல்லாய் வைத்து, தோளில் ஆட்டுத்தோல் பையோடு வந்தார்கள். ஒருவர் கையில் எரியும் திரி. மதுரை சித்திரை வெயில் ஒன்பது மணிக்கே தார் ரோட்டைக் கொதிக்கவைக்க, அந்தத் தோல்பைகளிலிருந்து தண்ணீர் பீய்ச்சியடித்தார்கள். சில வருடங்களாக மோட்டார் பம்பை வைத்துப் பீய்ச்சும் வழக்கம் ஏற்பட்டு, உயர்நீதிமன்ற மதுரைக் கிளையே தலையிட வேண்டி வந்தது. தோல்பையின் தண்ணீர் சாரல். பம்புத் தண்ணீர் அடி.

புதூர், ரிசர்வ் லைன் எல்லாம் கடந்து தல்லாகுளம் பெருமாள் கோயிலில் இரவு. இங்கே கள்ளர் வேடம் கலைகிறது. திருமஞ்சனம் ஆகி, ஸ்ரீவில்லிபுத்தூரிலிருந்து வந்த ஆண்டாளின் மாலையைச் சூடிக்கொள்கிறார். அவள் சூடிக் களைந்தது. தங்கை கல்யாணத்துக்குப் போகிறவர் காதலியின் மாலையைப் போட்டுக்கொண்டு கிளம்புகிறார் என்பது யாருக்கும் விபரீதமாகப் படவில்லை. பிறகு பட்டு. எந்த நிறம் என்பது பெட்டிக்குள் பட்டர் விடும் கையில் இருக்கிறது. பச்சை வந்தால் நாடு செழிக்கும். சிவப்பு வந்தால் வம்பு வரும் என்பார்கள். கடந்த கல்யாணத்துக்குப் பிந்தியவரிடம் வரப்போகும் வருடத்தைக் கேட்டுக்கொள்கிறார்கள். அந்த வருடம் பச்சை. பெரும்பாலும் பச்சைதான் வருகிறது. பட்டரின் கைக்குத் தெரியாதா நாட்டுக்கு எது நல்லதென்று.

விடியும் நேரம். தங்கக் குதிரை. தல்லாகுளம் கருப்பணசாமி கோயிலுக்கு முன்னால் ஆயிரம்பொன் சப்பரம் நிற்கிறது. நாயக்கர் ஆயிரம் பொன் செலவழித்துச் செய்தது என்பது அதன் பெயருக்குக் காரணம். கோரிப்பாளையம் தர்கா பக்கமிருந்து ஆறு வரைக்கும் தலை தலையாக இருந்தது. 1889-இல் கட்டிய ஏ.வி. பாலத்தின் மேல் நின்றவர்கள் ஒருவர் தோளில் ஒருவர் தாடையை வைத்திருந்தார்கள். ஆற்றில் தண்ணீர் இருந்தது. ஆண்டிபட்டிப் பக்கம் 1959-இல் கட்டிமுடித்த வைகை அணையில் திறந்துவிட்டது. அது இங்கே வந்துசேரும் பொழுதைக் கணக்கிட்டுத்தான் மதகைத் தூக்குகிறார்கள். மதுரையில் வருடத்தில் பல மாதம் மணலும் கருவேலமுமாகக் கிடக்கும் வைகைக்கு, அழகர் வரும் நாளில் மட்டும் தண்ணீர் நேரம் தவறாமல் வந்துவிடுகிறது.

ஆறு மணியை ஒட்டி குதிரை தண்ணீரில் கால் வைத்தது. வெள்ளிக் குதிரையில் வந்து காத்திருந்த வீரராகவப் பெருமாளைச் சுற்றி வந்தது. அக்கரையில் மீனாட்சியின் கோபுரங்கள். நடுவில் ஆற்றின் அகலம்தான். இவ்வளவு தூரம் வந்தவர் அதைக் கடக்கவில்லை. ஒரு சிறுவன் அப்பாவின் தோளில் உட்கார்ந்தபடி, "ஏன்ப்பா போக மாட்டேங்குறாரு?" என்று கேட்டான். "கோவிச்சுக்கிட்டாருடா" என்றார் அப்பா. "யாரு மேல?" அதற்குள் கூட்டம் நகர்ந்துவிட்டது.

மதிச்சியம் ராமராயர் மண்டபத்தில் தீர்த்தவாரி. மறுபடி தோல்பைகள், மறுபடி நனைந்த ஜனம். சாயங்காலமாக வண்டியூருக்குப் போகிறார். அன்று இரவு அவர் தன் முஸ்லிம் காதலியான துலுக்க நாச்சியார் வீட்டில் தங்குவதாக ஊரில் சொல்கிறார்கள். கோயில் புத்தகத்தில் அப்படி எழுதியிருக்காது.

அழகர் ஆற்றுக்கு வருவதற்குக் கோயில் சொல்லும் காரணம் வேறு. அது வண்டியூர்ப் பக்கம் தேனூர் மண்டபத்தில் மறுநாள் நடக்கிறது. அழகர்மலை நூபுரகங்கையில் தண்ணீருக்குள் நின்று தவம் செய்தார் சுதபஸ் முனிவர். துர்வாசர் வந்தார். தவத்தில் இருந்தவருக்கு வந்தவர் தெரியவில்லை, எழுந்து வணங்கவில்லை. தவளையாகப் போ என்றார் துர்வாசர். வைகைக் கரையில் காத்திரு, சித்திரைப் பௌர்ணமிக்கு மறுநாள் அழகர் வந்து விடுவிப்பார். நேரம் போவது தெரியாமல் இருந்ததற்குத் தண்டனை, காத்திருத்தல். கருட வாகனத்தில் அழகர் வந்து நிற்க, மண்டூகத்துக்கு மோட்சம். வருடா வருடம் விடுதலையானவர் அடுத்த வருடம் எப்படி மறுபடி தவளையாகக் காத்திருக்கிறார் என்று கேட்பதில் அர்த்தமில்லை. கல்யாணமான மீனாட்சிக்கு வருடா வருடம் கல்யாணம் நடக்கும் ஊரில் முனிவருக்கு மட்டும் தனிச் சட்டமா? கல்யாணக் கதைக்கு இருக்கும் கூட்டத்தில் ஒரு பங்குகூட இங்கே இல்லை. மூலக் கதை இதுதான், பாவம்.

அன்று இரவு ராமராயர் மண்டபத்தில் தசாவதாரம். பாய், தலையணை, சுண்டல், கொசுவர்த்தி எல்லாம் கொண்டுவந்து குடும்பம் குடும்பமாகப் படுத்திருக்கிறார்கள். திரை விலகினால் மச்சம். மூடுகிறது. அலங்காரம் மாறும்வரை ஒரு தூக்கம் போடலாம். திரை விலகினால் கூர்மம். பிறகு வாமனன், ராமன், கிருஷ்ணன். கடைசியில் விடியும் சமயத்தில் மோகினி. பிரளய காலம் தொடங்கி யுகங்கள் வரிசையாக ஓர் இரவுக்குள் கடந்து போகின்றன. எனக்குப் பக்கத்தில் படுத்திருந்தவர் கிருஷ்ணனுக்கு எழுப்பச் சொல்லி மகளிடம் சொல்லியிருந்தார். அவள் எழுப்பவில்லை. ஒரு யுகம் முழுக்கத் தூங்கிவிட்டார்.

இதெல்லாம் நிற்கவே நிற்காது என்று தோன்றும். நின்றது. 2020 மே 4 அன்று மீனாட்சி கல்யாணம் சில பட்டர்களோடு மட்டும் நடந்து, இணையத்தில் ஒளிபரப்பானது. அழகர் மலையை விட்டுக் கிளம்பவே இல்லை. 2021-இலும் அழகர்கோவில் வளாகத்துக்குள்ளேயே ஆற்றில் இறங்கும் நிகழ்ச்சியை நடத்தி முடித்தார்கள். இரண்டு வருடமும் மண்டகப்படிகள் வெள்ளையடிக்காமல் கிடந்தன. தாமதமாகவாவது வந்துகொண்டிருந்தவர் வராமலே போன வருடங்கள் அவை. 2022 ஏப்ரல் 16 அன்று ஆற்றில் கூடிய கூட்டம் அந்தப் பசியோடு வந்த கூட்டம்; நெரிசலில் இரண்டு உயிர் போயிற்று. அந்த வருடம் கணக்கும் விசித்திரமானது. பௌர்ணமி ரொம்ப முந்தி வந்ததால் சித்திரைத் திருவிழாவுக்குப் பங்குனியில் கொடியேற்றினார்கள். கல்யாணம் சித்திரை முதல் தேதி. சூரியக் கணக்கு மாதத்தைச் சொல்ல, சந்திரக் கணக்கு நாளைச் சொல்ல, அழகர் ஆற்றில் இறங்கும் நாள் ஒரு வருடம் பன்னிரண்டு நாள் முந்தும், மறு வருடம் பத்தொன்பது நாள் பிந்தும். 2023-இல் மே 5, 2024-இல் ஏப்ரல் 23, 2025-இல் மே 12. நாயக்கர் இரண்டு மாதம் தள்ளியது இருக்கட்டும், நிலா தள்ளுவதை யாராலும் நிறுத்த முடியாது.

தல்லாகுளத்தில் சேதுபதி மண்டபத்திலிருந்து பூப்பல்லக்கு புறப்பட்டதைப் பார்த்தேன். மல்லிகையும் சம்பங்கியுமாக மூடி, உள்ளே சாமி இருக்கிறாரா என்று சந்தேகப்படும்படி. திரும்பும் வழியில் அதே மண்டகப்படிகள். போகும்போது விட்டவர்கள் இப்போது பிடித்துக்கொள்வார்கள். மலைக்குப் போய்ச் சேரவும் நேரமாகும். நான் அவரோடு போகாமல் மேற்கே தேனூருக்குப் போனேன்.

சமயநல்லூரைத் தாண்டி வைகைக் கரையில் இருக்கிறது ஊர். தென்னையும் வாழையும். ஒரு காலத்தில் அழகர் அலங்காநல்லூர் வழியாக இங்கேதான் வந்தார். இன்றும் வண்டியூரில் தவளை முனிவருக்கு மோட்சம் கொடுக்கும் மண்டபம் தேனூரார் பெயரில் இருக்கிறது. சாமி இடம் மாறினாலும் உரிமையைப் பெயர்த்துக்கொண்டு பின்னாலேயே போயிருக்கிறார்கள். டீக்கடையில் இருந்த ஒரு தாத்தாவிடம் பேச்சுக் கொடுத்தேன்.

"மகாராசா கல்யாணத்துக்குன்னுதான் எங்க சாமியக் கூட்டிட்டுப் போனாரு" என்றார். "போன சாமியும் கல்யாணத்தப் பாக்கல. நாங்களும் சாமியப் பாக்கல."

முந்நூற்று எண்பது வருடத்துச் சமாச்சாரத்தைப் போன வாரத்து மனத்தாங்கல் போலச் சொன்னார்.

"இப்ப?"

"இப்ப எங்களுக்குன்னு பெருமாளு இருக்காருல்ல. அவர எறக்குறோம். அங்க எறங்குறன்னைக்கு இங்கயும் எறங்குவாரு."

சோழவந்தானில் ஒருவர் இறங்குகிறார். கிழக்கே ஆனந்தவல்லி கல்யாணம் முடிந்த மானாமதுரையில் வீர அழகர் இறங்குகிறார். இன்னும் கீழே பரமக்குடியில் சுந்தரராஜப் பெருமாள் இறங்குகிறார். தண்ணீர் இருக்கிறதோ இல்லையோ, வைகை நெடுகப் பெருமாள்கள் இறங்குகிறார்கள். பரமக்குடிக்காரர் விடியும் முன்பே இறங்கிவிடுவார் என்று நான் சொன்னதும் தாத்தா டீ கிளாஸைக் கீழே வைத்தார்.

"அவரு எந்தக் கல்யாணத்துக்குப் போறாரு, அம்புட்டு வெள்ளனமா?"

எனக்குப் பதில் தெரியவில்லை. கடைக்காரருக்கும் தெரியவில்லை. பெஞ்சில் உட்கார்ந்திருந்த இன்னொருவர், தன் சம்பந்தி பரமக்குடிதான், கேட்டுச் சொல்கிறேன் என்று போனை எடுத்தார்.